'தற்கொலை'னு ஃபைலை மூடிய போலீஸ்... கோர்ட் நினைத்தால் மீண்டும் திறக்குமா? சந்தேக மரண வழக்குகளில் நடப்பது என்ன?

"174 போட்டிருக்கோம். போஸ்ட்மார்ட்டம் ரிப்போர்ட் வரட்டும், பார்ப்போம்."

வீட்டில் ஒருவர் சந்தேகத்துக்கு இடமான முறையில் இறந்துபோனால், காவல் நிலைய வாசலில் நிற்கும் உறவினர்களுக்குப் பெரும்பாலும் கிடைக்கும் முதல் பதில் இதுதான். மாதங்கள் ஓடும். ரிப்போர்ட் வரும். 'தற்கொலை' என்றோ 'விபத்து' என்றோ எழுதி ஃபைல் மூடப்படும். "எங்க பிள்ளை அப்படிச் செய்யுற ஆள் இல்ல சார்" என்று குடும்பம் கதறும். அப்போது சுற்றி நிற்பவர்கள் சொல்வது ஒன்றுதான்: "கோர்ட்டுக்குப் போங்க."

சரி, கோர்ட்டுக்குப் போனால் என்ன நடக்கும்? நீதிபதியே விசாரிக்க இறங்குவாரா? கேஸ் மறுநாளே சிபிஐக்குப் போய்விடுமா? இரண்டுக்குமே பதில், பெரும்பாலும் இல்லை. நீதிமன்றம் துப்பறியாது. ஆனால், போலீஸ் மூட நினைக்கும் ஃபைலை மூட விடாமல் பிடித்து வைக்க அதனால் முடியும். அந்தப் பிடி எவ்வளவு தூரம் போகும், எங்கே கைநழுவும் என்பதைப் பார்க்க கேரளாவின் கன்னியாஸ்திரி அபயா வழக்கு போதும்.

கிணற்றில் உடல்... 28 ஆண்டு வழக்கு

1992 மார்ச் 27. கோட்டயத்தில் உள்ள பயஸ் டென்த் கான்வென்ட் கிணற்றில் அபயாவின் உடல் கிடைத்தது. கல்லூரியில் படித்துக்கொண்டிருந்த இளம் கன்னியாஸ்திரி அவர். பரீட்சைக்குப் படிக்க விடியற்காலையிலேயே எழுந்தவர். சமையலறையில் ஃபிரிட்ஜ் கதவு திறந்து கிடந்தது. தண்ணீர் பாட்டில் கீழே விழுந்திருந்தது. ஒரு செருப்பு தனியாகக் கிடந்தது. பார்த்தவர்களுக்கு எல்லாமே நெருடியது.

ஆனால், முதலில் விசாரித்த உள்ளூர் போலீசுக்கும், அடுத்து வந்த குற்றப்பிரிவுக்கும் அது நெருடவில்லை. 'தற்கொலை' என்று முடித்தார்கள். கான்வென்டைச் சேர்ந்த கன்னியாஸ்திரிகளே கையெழுத்துப் போட்டு, இது கொலை என்று முதலமைச்சருக்கு மனு அனுப்பினார்கள். போராட்டக் குழு உருவானது. 1993 மார்ச்சில் சிபிஐ வழக்குப் பதிவு செய்தது.

இனி எல்லாம் வேகமாக நடக்கும் என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். நடந்தது வேறு. இது கொலைதான் என்ற முடிவுக்கு வந்த சிபிஐ டிஎஸ்பி வர்கீஸ் பி. தாமஸ், 'தற்கொலை என்று எழுதச் சொல்லி மேலிடத்தில் இருந்து அழுத்தம்' என்று குற்றம்சாட்டி விருப்ப ஓய்வில் போய்விட்டார்.

1996-ல் சிபிஐ நீதிமன்றத்தில் ஓர் அறிக்கை கொடுத்தது. கொலையா தற்கொலையா என்று முடிவுக்கு வர முடியவில்லை, வழக்கை முடித்துக்கொள்ள அனுமதி வேண்டும் என்பது அதன் சாரம். எர்ணாகுளம் தலைமை நீதித்துறை நடுவர் நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. 1999-ல் மீண்டும் வந்தார்கள். இந்த முறை கொலைதான் என்று ஒப்புக்கொண்டார்கள், ஆனால் கொலையாளியைக் கண்டுபிடிக்கத் தடயம் இல்லை என்றார்கள். அதையும் நீதிமன்றம் ஏற்கவில்லை. 2005-ல் மூன்றாவது முறை. அப்போதும் அதே பதில்: போய் விசாரியுங்கள்.

இந்த வழக்கில் நீதிமன்றம் செய்த மிகப் பெரிய வேலை இதுதான். கொலையாளி யார் என்று அது சொல்லவில்லை. 'தெரியவில்லை' என்ற பதிலை வாங்கிக்கொள்ள மறுத்தது, அவ்வளவுதான். ஒரு நடுவர் நீதிமன்றம், நாட்டின் பெரிய புலனாய்வு அமைப்பின் அறிக்கையை மூன்று முறை திருப்பி அனுப்பியது.

2008-ல் கேரள உயர் நீதிமன்றம் விசாரணையை சிபிஐயின் கொச்சிப் பிரிவிடம் கொடுத்தது. அந்த நவம்பரிலேயே இரண்டு பாதிரியார்களும் ஒரு கன்னியாஸ்திரியும் கைதானார்கள். 2009-ல் குற்றப்பத்திரிகை. சாட்சி விசாரணை தொடங்கவே 2019 ஆகிவிட்டது. அதற்குள் ஒரு பாதிரியார் வழக்கில் இருந்து விடுவிக்கப்பட்டிருந்தார். 2020 டிசம்பரில் திருவனந்தபுரம் சிபிஐ சிறப்பு நீதிமன்றம் மற்ற இருவரையும் குற்றவாளிகள் என்று அறிவித்து ஆயுள் தண்டனை விதித்தது.

அந்தத் தீர்ப்புக்குப் பெரிதும் உதவியது யார் சாட்சி தெரியுமா? அன்று இரவு கான்வென்டில் செம்புக் கம்பி திருடப் புகுந்த ஒரு திருடன். வழக்கில் பல சாட்சிகள் பல்டி அடித்தபோதும் அவர் கடைசிவரை மாறவில்லை.

தீர்ப்பைக் கேட்க அபயாவின் அப்பாவும் அம்மாவும் இல்லை. இருவருமே 2016-ல் இறந்துவிட்டார்கள். கதை அத்துடனும் முடியவில்லை. 2022 ஜூனில் கேரள உயர் நீதிமன்றம் மேல்முறையீட்டு மனுக்கள் நிலுவையில் இருக்கும் நிலையில் தண்டனையை நிறுத்தி வைத்து, இருவருக்கும் ஜாமீன் கொடுத்தது. 2023 பிப்ரவரியில் டெல்லி உயர் நீதிமன்றம், விசாரணையின்போது அந்தக் கன்னியாஸ்திரிக்கு நடத்தப்பட்ட கன்னித்தன்மை பரிசோதனை அரசியலமைப்புக்கு விரோதமானது என்று தீர்ப்பளித்தது. கோர்ட் முடுக்கிவிட்ட விசாரணை என்பதாலேயே அதில் நடந்ததெல்லாம் சரியாகிவிடாது.

இத்தனை ஆண்டுகள் இழுத்ததற்கு முக்கியக் காரணம் முதல் சில மாதங்களில் இருக்கிறது. அபயாவின் உடைகள், டைரி போன்ற தடயப் பொருட்கள் சிபிஐ கைக்கு வருவதற்கு முன்பே அழிந்துபோயிருந்தன. ஃபைலைத் திறந்து வைக்க நீதிமன்றத்தால் முடிந்தது. அழிந்த தடயத்தை அதனால் திருப்பிக் கொண்டுவர முடியவில்லை.

'174' என்றால் என்ன? அது ஏன் சிக்கல்?

பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 174-வது பிரிவைத்தான் போலீசும் மக்களும் '174' என்கிறார்கள். 2024 ஜூலை 1 முதல் புதிய சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா, சுருக்கமாக பிஎன்எஸ்எஸ், நடைமுறைக்கு வந்துவிட்டது. அதில் இது 194. ஆனாலும் ஸ்டேஷனில் இன்னும் '174' என்ற பேச்சுதான் ஓடுகிறது.

தற்கொலை, விபத்து, மிருகம் தாக்கி இறப்பு, சந்தேக மரணம் எல்லாமே முதலில் இந்தப் பிரிவில்தான் வரும். போலீஸ் இடத்துக்குப் போகும். பஞ்சாயத்தார் முன்னிலையில் உடலைப் பார்க்கும். என்னென்ன காயம், வெளிப்பார்வைக்கு மரணம் எப்படி நடந்ததுபோல் தெரிகிறது என்று எழுதும். உடல் பிரேதப் பரிசோதனைக்குப் போகும். இந்த விசாரணையின் வேலை அவ்வளவுதான். யார் செய்தது, ஏன் செய்தது என்பதெல்லாம் இதன் எல்லைக்குள் வராது.

இங்கேதான் பலர் கவனிக்காத ஒரு விஷயம் இருக்கிறது. இந்த அறிக்கை சட்டப்படி போக வேண்டிய இடம் மாவட்ட ஆட்சியர் அல்லது கோட்டாட்சியர், அதாவது ஆர்டிஓ. புதிய சட்டத்தில் 24 மணி நேரத்துக்குள் அனுப்ப வேண்டும். ஆனால், ஆர்டிஓ வருவாய்த் துறை அதிகாரி. சாட்சிகளை நிறுத்தி வழக்கு நடத்தும் நீதிபதி அல்ல. கொலை வழக்காகப் பிரிவு மாறாதவரை, இந்த ஃபைலை ஒரு குற்றவியல் நீதிபதி தானாக எடுத்துப் பார்க்கப் போவதில்லை.

இன்னொன்று. ஏழு ஆண்டோ அதற்கு மேலோ தண்டனை உள்ள குற்றம் என்றால் தடய அறிவியல் நிபுணர் சம்பவ இடத்துக்கு வந்தே ஆக வேண்டும் என்று புதிய சட்டம் சொல்கிறது. இதை அமலுக்குக் கொண்டுவர மாநிலங்களுக்கு 5 ஆண்டு அவகாசம் உண்டு. ஆனால், இந்தக் கட்டாயம் 'குற்றம்' என்று பதிவானால்தான். வெறும் 'சந்தேக மரணம்' என்று எழுதிவிட்டால் அது வராது. முதல் நாள் எந்தப் பிரிவைப் போடுகிறார்கள் என்பது இதனால்தான் இவ்வளவு முக்கியமாகிறது.

2024 ஆகஸ்ட்டில் கொல்கத்தா ஆர்.ஜி. கர் மருத்துவமனையில் பெண் பயிற்சி மருத்துவர் கொல்லப்பட்டபோது வெடித்த முதல் கேள்வியும் இதுதான். உடல் கிடைத்தது காலையில். முதலில் 'இயற்கைக்கு மாறான மரணம்' என்று பதிவு. முறையான எஃப்ஐஆர் வந்ததோ இரவில். நான்கே நாளில், ஆகஸ்ட் 13-ல், கல்கத்தா உயர் நீதிமன்றம் வழக்கை சிபிஐக்கு மாற்றியது.

தமிழ்நாட்டில் 2015-ல் கோகுல்ராஜ் வழக்கும் அப்படித்தான் தொடங்கியது. பொறியியல் பட்டதாரியான அந்த இளைஞரின் உடல் நாமக்கல் மாவட்டத்தில் ரயில் தண்டவாளத்தில் கிடந்தது. முதல் பார்வையில் சந்தேக மரணம். பிறகு கொலை வழக்காக மாறியது. திருச்செங்கோடு அர்த்தநாரீஸ்வரர் கோயிலின் சிசிடிவி காட்சிகள் வழக்கின் முக்கிய ஆதாரமாகின. தாயின் மனுவை ஏற்று விசாரணையை நாமக்கல்லில் இருந்து மதுரைக்கு மாற்றியது உயர் நீதிமன்றம். 2022-ல் 10 பேருக்கு ஆயுள் தண்டனை. மேல்முறையீட்டை விசாரித்த உயர் நீதிமன்ற நீதிபதிகள் அந்தக் கோயிலுக்கே நேரில் போய் கேமரா இருந்த இடங்களைப் பார்த்தார்கள். 2023 ஜூனில் பெரும்பாலானோரின் ஆயுள் தண்டனை உறுதியானது. அந்த சிசிடிவி பதிவை அன்றைக்கே கைப்பற்றாமல் விட்டிருந்தால் வழக்கு என்ன ஆகியிருக்கும் என்று யோசித்துப் பார்க்கலாம்.

போலீஸ் புகாரையே வாங்கவில்லை என்றால்?

நேராக ஹைகோர்ட்டுக்கு ஓடுவதுதான் பலரின் முதல் யோசனை. ஆனால் உச்ச நீதிமன்றம் காட்டியிருக்கும் வழி வேறு.

2003-ல் மதுரா ரயில் நிலையத்தில் ஒரு ராணுவ மேஜரின் உடல் கிடைத்தது. ரயில்வே போலீஸ் 'விபத்து அல்லது தற்கொலை' என்றது. ராணுவ விசாரணை 'தற்கொலை' என்றது. தந்தை ஏற்கவில்லை, சிபிஐ விசாரணை கேட்டு உச்ச நீதிமன்றம் வரை போனார். 'சகிரி வாசு வழக்கு' என்று சட்ட மாணவர்கள் படிக்கும் அந்தத் தீர்ப்பில் அவருக்கு சிபிஐ கிடைக்கவில்லை. ஆனால், நாட்டில் உள்ள மற்ற எல்லோருக்கும் ஒரு பாதை கிடைத்தது. எஃப்ஐஆர் போட உத்தரவிடும் அதிகாரம் மட்டுமல்ல, விசாரணை ஒழுங்காக நடக்கிறதா என்று கண்காணிக்கும் அதிகாரமும் பகுதி மாஜிஸ்திரேட்டுக்கே உண்டு என்று 2007 டிசம்பரில் தெளிவுபடுத்தியது உச்ச நீதிமன்றம்.

பாதை இப்படிப் போகும். முதலில் ஸ்டேஷனில் எழுத்துப்பூர்வமான புகார். கைது செய்யக்கூடிய குற்றம் நடந்ததாகப் புகாரிலேயே தெரிந்தால் எஃப்ஐஆர் போட்டே ஆக வேண்டும் என்பது லலிதா குமாரி வழக்கில் 2013-ல் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு சொன்னது. வெறும் சிஎஸ்ஆர் ரசீது கொடுத்து அனுப்பினால் வேலை முடிந்ததாக ஆகாது. ஸ்டேஷன் மறுத்தால் எஸ்பிக்குப் பதிவுத் தபாலில் புகார் அனுப்பலாம். அங்கும் நகரவில்லையா? பிஎன்எஸ்எஸ் 175(3) பிரிவின் கீழ் மாஜிஸ்திரேட்டிடம் மனு. பழைய சட்டத்தில் இதுதான் 156(3). மனுவுடன் சத்தியப் பிரமாண வாக்குமூலம் கட்டாயம். பொய் என்றால் மனுதாரர் மாட்டுவார். போலீஸ் தரப்பு என்ன சொல்கிறது என்றும் மாஜிஸ்திரேட் கேட்பார்.

ஸ்டேஷனுக்கும் எஸ்பிக்கும் போனதற்கான ஆதாரம் இல்லாமல் கோர்ட் படியேறினால், 'முதலில் அங்கே போய் வாருங்கள்' என்ற பதில்தான் கிடைக்கும். அந்தத் தபால் ரசீது சாதாரணக் காகிதம் அல்ல.

'ஆர்சிஎஸ் நோட்டீஸ்' வந்தால் கையெழுத்துப் போடலாமா?

எஃப்ஐஆர் போட்டு விசாரித்த பிறகும் போலீஸ் 'மேல் நடவடிக்கை தேவையில்லை' என்று முடிக்கலாம். தமிழ்நாட்டில் அப்போது புகார்தாரருக்கு வரும் காகிதத்தை 'ஆர்சிஎஸ் நோட்டீஸ்' என்பார்கள். பல குடும்பங்கள் இது என்னவென்று தெரியாமலே வாங்கி வைத்துவிடுகின்றன. வாங்கியதாகக் கையெழுத்துப் போடுவதில் தவறில்லை. 'சம்மதம்' என்று எழுதிக் கையெழுத்துப் போடுவதுதான் வேறு விஷயம்.

ஏனென்றால் புகார்தாரர் சொல்வதைக் கேட்காமல் நீதிமன்றம் இந்த அறிக்கையை ஏற்கக் கூடாது. பகவந்த் சிங் வழக்கில் 1985-லேயே உச்ச நீதிமன்றம் இதைச் சொல்லிவிட்டது. குடும்பம் ஆட்சேபணை மனு போடலாம். சட்டம் தெரிந்தவர்கள் இதை 'புரொட்டெஸ்ட் பெட்டிஷன்' என்பார்கள்.

அதைப் படித்துவிட்டு மாஜிஸ்திரேட் போலீஸ் அறிக்கையை ஏற்கலாம். போதாது, மேலும் விசாரியுங்கள் என்று திருப்பி அனுப்பலாம். போலீஸ் 'ஒன்றுமில்லை' என்று சொன்னாலும், அதே ஆவணங்களில் குற்றம் தெரிந்தால் வழக்கைத் தானே கோப்பில் எடுத்து எதிரிகளுக்குச் சம்மன் அனுப்பலாம். ஆட்சேபணை மனுவையே தனிப் புகாராக எடுத்து சாட்சிகளை விசாரிக்கவும் வழி இருக்கிறது. அபயா வழக்கில் எர்ணாகுளம் நீதிமன்றம் செய்தது இரண்டாவது வகை.

மாஜிஸ்திரேட்டால் செய்ய முடியாத ஒன்றும் உண்டு. 'இன்னார்மீது குற்றப்பத்திரிகை போடு' என்று போலீசுக்குக் கட்டளை போட முடியாது. விசாரணையில் என்ன முடிவுக்கு வருவது என்பது போலீசின் வேலை. அந்த முடிவை ஏற்பதா, வேண்டாமா என்பது கோர்ட்டின் வேலை. இந்தக் கோடு 1960-களில் உச்ச நீதிமன்றம் போட்டது, இன்னும் மாறவில்லை. அதேபோல, நடந்த விசாரணையை முழுசாக ரத்து செய்துவிட்டு முதலில் இருந்து புதிதாக விசாரிக்கச் சொல்லும் அதிகாரமும் மாஜிஸ்திரேட்டுக்கு இல்லை. அது உயர் நீதிமன்றத்துக்கும் உச்ச நீதிமன்றத்துக்கும் மட்டும்தான்.

ஹைகோர்ட் எப்போது இறங்கும்?

உயர் நீதிமன்றத்தின் கை நீளமானது. அரசியலமைப்பின் 226-வது பிரிவு, பிஎன்எஸ்எஸ் 528 என இரண்டு கதவுகள். விசாரணை அதிகாரியை மாற்றலாம். சிபிசிஐடிக்கோ சிறப்புப் புலனாய்வுக் குழுவுக்கோ கொடுக்கலாம். வாராவாரம் அறிக்கை கேட்கலாம். சிபிஐக்கும் அனுப்பலாம்.

சிபிஐ வர மாநில அரசின் ஒப்புதல் வேண்டாமா? சாதாரணமாக வேண்டும். தமிழ்நாடு அரசு சிபிஐக்குக் கொடுத்திருந்த பொது ஒப்புதலை 2023 ஜூனில் திரும்பப் பெற்றுவிட்டது. ஆனால், கோர்ட் உத்தரவு போட்டால் அந்த ஒப்புதல் தேவையில்லை. மேற்கு வங்க வழக்கு ஒன்றில் 2010 பிப்ரவரியில் ஐந்து நீதிபதிகள் அமர்வு தீர்த்து வைத்த விஷயம் இது. அதே தீர்ப்பில் ஒரு கடிவாளமும் இருக்கிறது. உள்ளூர் போலீஸ்மீது யாரோ குறை சொல்கிறார்கள் என்பதற்காக மட்டும் சிபிஐக்கு மாற்றக் கூடாது, அபூர்வமான சூழலில்தான் மாற்ற வேண்டும், இல்லாவிட்டால் சிபிஐ வழக்குகளில் மூழ்கிவிடும் என்றது அமர்வு.

அதனால்தான் 'எங்களுக்கு போலீஸ்மேல நம்பிக்கை இல்ல' என்று மட்டும் சொல்லும் மனுக்கள் பெரும்பாலும் நிற்பதில்லை. நீதிபதிகள் தேடுவது குறிப்பான ஓட்டைகளை. பிரேதப் பரிசோதனையில் உள்ள காயத்துக்கு போலீஸ் விளக்கம் என்ன? கடைசியாகப் பேசிய எண்ணை விசாரித்தார்களா? தெருமுனை கேமரா பதிவை ஏன் எடுக்கவில்லை? கடைசியாகப் பார்த்தவரின் வாக்குமூலம் எங்கே? சந்தேகத்துக்குரியவர் போலீசுக்கே வேண்டியவரா? இப்படி நான்கு கேள்விக்கு போலீசிடம் பதில் இல்லை என்றால் மனுவுக்குத் தெம்பு வந்துவிடும்.

இதில் நேரம்தான் எதிரி. வீடு, கடை சிசிடிவிகளில் பழைய பதிவுமேல் புதிய பதிவு ஏறுவதற்குச் சில நாளோ சில வாரமோதான் ஆகும். செல்போன் அழைப்பு விவரங்களை நிறுவனங்கள் குறைந்தது 2 ஆண்டுகள் வைத்திருக்க வேண்டும் என்று 2021 டிசம்பரில் விதி வந்தது. அதற்குப் பிறகு அழிந்துபோனால் கேட்டுப் பயனில்லை. முதல் வாரப் புகாரிலேயே 'இந்த இடத்தில் இந்த கேமரா இருக்கிறது, பதிவைக் கைப்பற்றுங்கள்' என்று எழுதிக் கொடுத்தால், பின்னால் கோர்ட்டில் அந்த ஒற்றை வரி போலீசைத் திணறடிக்கும்.

மரணம் போலீஸ் காவலில் என்றால் கணக்கே வேறு. அங்கே ஆர்டிஓ அல்ல, நீதித்துறை மாஜிஸ்திரேட்தான் விசாரிக்க வேண்டும். 2020 ஜூனில் சாத்தான்குளத்தில் தந்தையும் மகனும் இறந்தபோது உயர் நீதிமன்ற மதுரை கிளை யாருடைய மனுவுக்கும் காத்திருக்காமல் தானாகவே வழக்கை எடுத்தது. விசாரிக்கப் போன மாஜிஸ்திரேட்டுக்கு ஸ்டேஷனிலேயே ஒத்துழைப்பு கிடைக்கவில்லை என்று தெரிந்ததும், காவல் நிலையத்தையே வருவாய்த் துறை கட்டுப்பாட்டில் கொண்டுவர உத்தரவிட்டது. சிபிஐ வரும்வரை தடயங்கள் அழியக் கூடாது என்று, இடைக்காலத்தில் சிபிசிஐடியை உடனே இறங்கச் சொன்னது. அபயா வழக்கில் நடக்காமல் போனது இங்கே நடந்தது.

உடலை வாங்குவதா, வேண்டாமா?

குடும்பங்கள் தவிக்கும் இடம் இது. 'நீதி கிடைக்கும்வரை உடலை வாங்க மாட்டோம்' என்று போராடுவது ஒருபக்கம். அவசரமாக வாங்கி எரித்துவிட்டு, பிறகு சந்தேகம் வந்து தவிப்பது இன்னொரு பக்கம்.

சட்டம் இதில் கொஞ்சம் இடம் கொடுக்கிறது. புதைத்த உடலைத் தோண்டி எடுத்துப் பரிசோதிக்க மாஜிஸ்திரேட் உத்தரவிடலாம். எரித்துவிட்டால் பிரேதப் பரிசோதனை அறிக்கை, வீடியோ, பாதுகாத்து வைத்த உள்ளுறுப்பு மாதிரிகள் மட்டும்தான் மிச்சம். ஆகவே சந்தேகம் இருந்தால் தகனத்துக்கு முன்பே மறு பிரேதப் பரிசோதனை கேட்டு உயர் நீதிமன்றத்தை அணுகுவதுதான் வழி. காவல் மரணங்களில் உடலைக் குடும்பத்தார் பார்க்க அனுமதிக்க வேண்டும், பரிசோதனையை வீடியோ எடுக்க வேண்டும், மறு பரிசோதனை கேட்டு கோர்ட்டுக்குப் போக விரும்பினால் உடலை 48 மணி நேரமாவது பிணவறையில் வைத்திருக்க வேண்டும் என்று மதுரை கிளை 2020 டிசம்பரில் நெறிமுறை வகுத்தது.

2022 ஜூலையில் கள்ளக்குறிச்சி பள்ளி மாணவி மரணத்தில் சென்னை உயர் நீதிமன்றம் மறு பிரேதப் பரிசோதனைக்கு உத்தரவிட்டது. பெற்றோர் கேட்ட ஒன்று மட்டும் கிடைக்கவில்லை. தங்கள் தரப்பு மருத்துவரும் அந்தக் குழுவில் இருக்க வேண்டும் என்றார்கள், உயர் நீதிமன்றம் மறுத்தது. உச்ச நீதிமன்றமும் தலையிடவில்லை. பிறகு இரண்டு அறிக்கைகளையும் புதுச்சேரி ஜிப்மர் மருத்துவர் குழு ஆய்வு செய்தது. கல்வி நிறுவனங்களில் நடக்கும் சந்தேக மரணங்களை இனி சிபிசிஐடிதான் விசாரிக்க வேண்டும் என்று உயர் நீதிமன்றம் சொன்னதும் அந்த வழக்கில்தான்.

சிபிஐ வந்தால் உண்மை வந்துவிடுமா?

வரலாம், வராமலும் போகலாம். குடும்பம் எதிர்பார்க்கும் பதிலே வரும் என்று யாரும் உறுதி தர முடியாது.

நடிகர் சுஷாந்த் சிங் ராஜ்புத் மரணத்தை சிபிஐ விசாரிக்க 2020 ஆகஸ்ட்டில் உச்ச நீதிமன்றம் பச்சைக்கொடி காட்டியது. நாடே டிவி முன் உட்கார்ந்திருந்த வழக்கு. 2025 மார்ச்சில் சிபிஐ, கொலைக்கான ஆதாரம் இல்லை என்று முடிவறிக்கை தாக்கல் செய்தது. கோகுல்ராஜ் வழக்கை விசாரித்துவந்த டிஎஸ்பி விஷ்ணுபிரியா 2015 செப்டம்பரில் இறந்தபோதும் சென்னை உயர் நீதிமன்றம் சிபிஐயைத்தான் அனுப்பியது. சிபிஐயும் தற்கொலை என்றே முடித்தது. ஆர்.ஜி. கர் வழக்கில் கொல்கத்தா போலீஸ் பிடித்த அதே நபர்மீதுதான் சிபிஐயும் குற்றப்பத்திரிகை போட்டது. 2025 ஜனவரியில் அவருக்கு ஆயுள் தண்டனை கிடைத்தது. வேறு சிலருக்கும் தொடர்பு இருக்கிறது என்ற பெற்றோரின் சந்தேகம் மட்டும் தீரவில்லை.

திருச்சி ராமஜெயம் வழக்கு இன்னும் கசப்பானது. கே.என்.நேருவின் தம்பியான இவர் 2012 மார்ச் 29-ல் நடைப்பயிற்சிக்குப் போனபோது கடத்திக் கொல்லப்பட்டார். கொலை என்பதில் யாருக்கும் சந்தேகமே இல்லை. திருச்சி போலீஸ் விசாரித்தது. சிபிசிஐடி விசாரித்தது. 2017-ல் உயர் நீதிமன்றம் சிபிஐக்குக் கொடுத்தது. 2022-ல் அதே உயர் நீதிமன்றம் சிறப்புப் புலனாய்வுக் குழுவை அமைத்தது. உண்மை கண்டறியும் சோதனைவரை போய்ப் பார்த்தார்கள். செல்வாக்குள்ள குடும்பம், நான்கு புலனாய்வுக் குழுக்கள், கோர்ட் மேற்பார்வை எல்லாம் இருந்தும் இப்படி இழுக்கிறது என்றால் சாதாரணக் குடும்பத்தின் நிலையைச் சொல்லவே வேண்டாம்.

காசு இல்லாதவர்கள் என்ன செய்வது?

ஹைகோர்ட் என்றதும் வக்கீல் ஃபீஸ் பயம் வருவது இயல்பு. ஆனால் பெண்கள், குழந்தைகள், பட்டியல் சாதி, பழங்குடி மக்கள், மாற்றுத் திறனாளிகளுக்கு வருமானம் எவ்வளவு இருந்தாலும் இலவச சட்ட உதவி உண்டு. இறந்தவரின் தாயோ மனைவியோ மனுதாரராக இருந்தால் இந்தத் தகுதி தானாகவே வந்துவிடும். மற்றவர்களுக்கு வருமான வரம்பு பார்ப்பார்கள். ஒவ்வொரு மாவட்ட நீதிமன்ற வளாகத்திலும் சட்டப் பணிகள் ஆணைக்குழு அலுவலகம் இருக்கிறது. 15100 என்ற எண்ணிலும் பேசலாம். மதுரை, திருச்சி, தஞ்சாவூர், திருநெல்வேலி உள்ளிட்ட தென் மாவட்டத்துக்காரர்கள் சென்னை வரை வர வேண்டியதில்லை, அவர்கள் மனு போட வேண்டியது மதுரை கிளையில்தான்.

கையில் இருக்க வேண்டியவை: புகார் நகல், சிஎஸ்ஆர் அல்லது எஃப்ஐஆர் நகல், எஸ்பிக்கு அனுப்பிய தபால் ரசீது, பிரேதப் பரிசோதனை அறிக்கை, இறந்தவரின் செல்போன் எங்கே இருக்கிறது என்ற விவரம். எஃப்ஐஆர் நகலைப் புகார்தாரருக்கு இலவசமாகத் தர வேண்டும். எஃப்ஐஆர் போட்ட வழக்கில் விசாரணை எந்த அளவில் இருக்கிறது என்று 90 நாளுக்குள் புகார்தாரருக்குத் தெரியப்படுத்த வேண்டும் என்பதும் புதிய சட்டத்தில் போலீசின் கடமை. 91-வது நாளும் தகவல் வரவில்லை என்றால், அதையே ஒரு காரணமாக மனுவில் எழுதலாம்.